எட்டடிக் கணக்கு

மட்டக்களப்பு வாவியின் மேற்குக் கரையான படுவான்கரையில் நான் கற்பிக்கும் பாடசாலையில் முள்ளந்தண்டுளிகள் பற்றிய பாடம் வரும்போதெல்லாம், பாம்பைத் தாண்டி அடுத்த பக்கத்துக்குப் போக எனக்கு இரண்டு மூன்று பாடவேளைகள் பிடிக்கும். மீனைப் பற்றியும் தவளையைப் பற்றியும் ஒரு கேள்வியும் கேட்காத பிள்ளைகள், பாம்பு என்றதும் கதிரையின் நுனிக்கு வந்துவிடுவார்கள். அவர்களில் பாதிப்பேர் தகப்பனுக்குச் சோறு கொண்டுபோய்க் கொடுக்க வயலுக்குப் போகிறவர்கள். வரம்பிலும் வாய்க்காலிலும் பாம்பைக் காணாத பிள்ளை எங்கள் பக்கத்தில் இல்லை. இந்த முறை கடைசி வாங்கிலிருந்து ஒரு பையன் எழுந்து, "டீச்சர், எட்டடி விரியன் கடிச்சா எட்டடி நடக்கிறதுக்குள்ள ஆள் விழுந்திருமாம், உண்மையா?" என்று கேட்டான். "ஆர் மகன் சொன்னது?" என்றேன். "எங்கட அப்பா" என்றான்.

"இல்லை" என்று ஒரே சொல்லில் விடை சொல்லலாம், சொல்லவும் செய்தேன். ஆனால் வீட்டுக்கு வந்த பிறகும் மனம் ஆறவில்லை. அந்த எட்டடிக் கணக்கை நம்பித்தான் எங்கள் குடும்பம் ஓர் உயிரை இழந்தது. பாம்பைப் பற்றி நம்மிடையே உலவும் நம்பிக்கைகளில் பெரும்பாலானவை யாருக்கும் கேடு செய்யாதவை. இந்த ஒன்று அப்படிப்பட்டதன்று.

1998ஆம் ஆண்டு தை மாதம், பெரும்போக வெள்ளாமை முற்றி நின்ற நேரம். என் தகப்பனாரும் அவருடைய தம்பியும் யானைக்கும் பன்றிக்கும் காவலாக வயலில் போட்ட வாடிக் குடிசையில் படுத்திருந்தார்கள். நிலத்தில் வைக்கோலைப் பரப்பி அதன்மேல் பன்பாயை விரித்துப் படுப்பதுதான் வழக்கம். நள்ளிரவு கழிந்து சித்தப்பா எழும்பி, வயிற்றுக்குள் ஏதோ முறுக்குவதுபோல இருக்கிறது என்றார். இரவு சாப்பிட்ட கருவாட்டுக் கறி ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்த அப்பா, இஞ்சியும் உள்ளியும் தட்டிப் போட்டு அவித்த தண்ணீரைக் குடிக்கக் கொடுத்தார். நோவு அடங்காததால் இருவரும் டோர்ச் வெளிச்சத்தில் வரம்பு வழியாக வீட்டுக்கு நடந்து வந்தார்கள். ஒரு மைலுக்கும் அதிகமான தூரம். சித்தப்பா யாரையும் பிடிக்காமல் தன் காலால் நடந்து வந்தார்.

எனக்கு அப்போது பதினொரு வயது. சத்தம் கேட்டு நான் எழும்பி வந்தபோது சித்தப்பா திண்ணையில் லாம்புக்குப் பக்கத்தில் இருந்தார். என்னைப் பார்ப்பதற்காக முகத்தை மேலே நிமிர்த்தினார்; அப்படியும் பார்க்க முடியாமல், வலக்கைச் சுட்டுவிரலால் ஒரு கண்ணின் இமையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்தார். நித்திரை முறிந்ததால் கண் கனக்கிறது என்றார். சொற்கள் மூக்கால் பேசுவதுபோல வந்தன. சற்று நேரத்தில் வாயின் ஓரத்தால் எச்சில் வழியத் தொடங்கியது. அதை விழுங்க அவரால் முடியவில்லை என்பது எங்களுக்கு விளங்கவில்லை. ஊர்ப் பரிகாரியார் வந்து கால், கை, கழுத்து எல்லாம் லாம்பைப் பிடித்துத் தேடினார். பல் பட்ட அடையாளம் ஒன்றும் இல்லை, வீக்கம் இல்லை, எரிவு இல்லை. வேப்பிலையை மெல்லக் கொடுத்தபோது கசக்கிறது என்று தலையசைத்தார். விஷம் ஏறியவருக்கு வேப்பிலை கசக்காது என்பது எங்கள் பக்கத்தில் எல்லோரும் நம்பும் சோதனை. "விரியன் கடிச்சிருந்தா இவ்வளவு தூரம் நடந்து வந்திருப்பானா?" என்று கூடியிருந்தவர்களில் ஒருவர் கேட்டார். அந்தக் கேள்விக்கு அங்கே எவரிடமும் மறுமொழி இருக்கவில்லை. ஒரு நூலை ஓதிக் கையில் கட்டினார்கள்.

விடிந்தபின் மண்முனைத் துறையில், பாதை என்று நாங்கள் சொல்லும் மிதவைப் படகுக்குக் காத்திருந்து வாவியைக் கடந்தார்கள். இன்று அந்த இடத்தில் பாலம் இருக்கிறது, 2014இல் திறந்தார்கள். அந்நாட்களில் இரவில் அக்கரைக்குப் போக எங்களுக்கு வழியில்லை. பாதை நடுத்தண்ணீரில் போய்க்கொண்டிருந்தபோது சித்தப்பாவின் மூச்சு நின்றது. செத்த வீடு முடிந்து வாடியைப் பிரித்தபோது, அவர் படுத்திருந்த இடத்து வைக்கோலுக்கடியில் முழங்கை நீளத்துக்குச் சற்றுக் கூடுதலான, கறுத்து மினுங்கிய, மெல்லிய வெள்ளை வளையங்கள் போட்ட பாம்பொன்று சுருண்டு கிடந்தது.

எட்டடி விரியன், கண்டங்கருவளை என்றெல்லாம் அழைக்கப்படும் அந்தப் பாம்பைப் பற்றிப் பின்னர் படித்தபோதுதான், அன்றிரவு எங்கள் கண் முன்னால் நடந்தவை யாவும் அதன் கடிக்கே உரிய அடையாளங்கள் என்று அறிந்தேன். பகலில் மந்தமாகச் சுருண்டு கிடக்கும் அது, இரவில் பல்லி, அரணை, எலி, வேறு பாம்புகள் ஆகியவற்றைத் தேடித் திரியும். நிலத்தில் படுத்து உறங்குபவர் புரளும்போது அதன்மேல் கையோ உடம்போ பட்டால் கடித்துவிடும். அதன் பற்கள் சிறியவை. பலருக்கு நோவே தெரிவதில்லை, எறும்பு கடித்ததாக நினைத்து மறுபடியும் உறங்கிவிடுவார்கள். கடிவாயில் வீக்கமும் அநேகமாக இராது. சில மணி நேரத்தில் கடுமையான வயிற்று நோவு வரும். அதன் பின்னர் கண் இமைகள் சரியும், விழுங்க முடியாமல் போகும், பேச்சுக் குழறும், கடைசியாக மூச்சுவிடும் தசைகள் சோர்ந்து நின்றுவிடும். எட்டடியில் விழுத்தும் பாம்பு என்று பெயர் வாங்கிய விரியன்தான், நம் நாட்டுத் தரைப்பாம்புகளில் ஆளை அதிக நேரம் நன்றாக நடமாட விட்டு ஏமாற்றுகிறது. பெயர் இப்படி வந்ததற்கு என்ன காரணமோ, அது சொல்லும் கணக்கு முழுப் பொய்.

அந்த விஷம் வேலை செய்யும் விதத்தைப் பிள்ளைகளுக்கு நான் இப்படித்தான் விளக்குவேன். மூளை இடும் கட்டளையை நரம்பு கொண்டுவந்து, தன் முனையிலிருந்து தசைக்குக் கைமாற்றுகிறது. விரியனின் விஷம் அந்த நரம்பு முனையையே அழித்துவிடுகிறது. அழிந்த முனையை எந்த ஊசியாலும் உடனே சீராக்க முடியாது. உடம்பு தானாகவே அதை மறுபடியும் வளர்த்துக்கொள்ள வேண்டும், அதற்கு நாட்கள் எடுக்கும். அந்த நாட்களில் நோயாளிக்காக ஓர் இயந்திரம் மூச்சுவிட்டால் போதும், அவர் பிழைத்துக்கொள்வார். அதனால்தான் விரியன் கடியில் வைத்தியசாலைக்குப் போய்ச் சேரும் நேரம் உயிருக்குச் சமமாகிறது. முறிமருந்து இன்னும் இரத்தத்தில் சுற்றிக்கொண்டிருக்கும் விஷத்தைத்தான் பிடிக்கும், நரம்பு முனையில் ஏற்கெனவே செய்து முடித்த அழிவை அல்ல.

பாலம் வந்த பிறகு எங்கள் ஒழுங்கையில் பத்தொன்பது வயதுப் பெண்பிள்ளை ஒருத்தி விடியப்புறம் வயிற்று நோவோடும் வாந்தியோடும் எழும்பினாள். அன்று வெக்கை காரணமாகச் சீமெந்து நிலத்தில் படுத்திருந்தாள். அவளுடைய தாய் சித்தப்பாவின் கதையை அறிந்தவர். மகளின் கண்ணைப் பார்த்ததும் முச்சக்கர வண்டி பிடித்து நேரே பட்டணத்துக்குக் கொண்டுபோனார். ஐந்து நாட்கள் அந்தப் பிள்ளை இயந்திரத்தின் மூச்சில் இருந்தாள். விரலைக்கூட அசைக்கவில்லை, இமை திறக்கவில்லை. பார்க்கப்போன உறவினர்கள் எல்லாம் முடிந்துவிட்டது என்று கட்டிலருகே நின்று அழுதார்கள். ஆறாம் நாள் கால் விரல் அசைந்தது. வீட்டுக்கு வந்த பிறகு அவள் என்னிடம் சொன்னதை மறக்க முடியாது: அவர்கள் அழுததெல்லாம் அவளுக்குக் கேட்டது. சித்தியார் ஒப்பாரி வைத்தது, மாமா ஒருவர் சீதனக் காணியைப் பற்றிப் பேசியது எல்லாம் கேட்டது. நான் சாகவில்லை என்று சொல்வதற்கு நாக்கைத்தான் அசைக்க முடியவில்லை. விரியன் கடித்தவர் அசைவற்றுக் கிடந்தாலும் அறிவோடு இருக்கக்கூடும். அவரைத் தொட்டுப் பேசுங்கள், தைரியம் சொல்லுங்கள், அவருக்குக் கேட்கும்.

இவ்வளவு தெரிந்த பின்னும் நம்மவர்கள் ஏன் முதலில் ஓதிப் பார்க்கப் போகிறார்கள் என்று கேட்பவர்கள் உண்டு. அவர்களைப் படிப்பறிவில்லாதவர்கள் என்று ஒதுக்குவதில் எனக்கு உடன்பாடில்லை. அவர்கள் தம் கண்ணால் கண்டதை வைத்துத்தான் நம்புகிறார்கள். 2012, 2013ஆம் ஆண்டுகளில் நாடு முழுவதும் 44,000க்கும் அதிகமான வீடுகளுக்குப் போய் விசாரித்து, 2016இல் வெளியிட்ட ஆய்வொன்று உண்டு. அதன்படி இலங்கையில் ஓர் ஆண்டில் ஏறக்குறைய 80,000 பேரைப் பாம்பு கடிக்கிறது; அவர்களில் ஏறக்குறைய 30,000 பேருக்குத்தான் விஷம் ஏறுகிறது; 400க்கு மேற்பட்டோர் இறக்கிறார்கள். மற்ற 50,000 பேரைக் கடித்தது விஷமில்லாத பாம்பாக இருக்கலாம், அல்லது விஷப்பாம்பே விஷத்தைச் செலுத்தாமல் கடித்திருக்கலாம். இந்த 50,000 பேருக்கும் விஷக்கல் வைத்தாலும், தண்ணீர் ஓதித் தெளித்தாலும், ஒன்றுமே செய்யாமல் விட்டாலும் சுகம் வரும். நூறு பேர் வந்தால் அறுபது பேருக்கு மேல் எழுந்து நடந்து போவதைப் பார்க்கும் ஊர், கல்லையும் மந்திரத்தையும் நம்புவதில் வியப்பென்ன? சிக்கல் என்னவென்றால், வந்தவர் அந்த அறுபதில் ஒருவரா மற்ற நாற்பதில் ஒருவரா என்பதை முதல் மணி நேரத்தில் எந்தப் பரிகாரியாராலும் சொல்ல முடியாது, எந்த வைத்தியராலும் வெறும் கண்ணால் சொல்ல முடியாது. வைத்தியசாலையில் காத்திருந்து பார்த்து, விஷம் வேலை செய்யத் தொடங்கினால் எதிர்க்க வழி இருக்கிறது. வீட்டுத் திண்ணையில் இல்லை. எங்கள் பக்கத்தில் இப்போதுள்ள விஷகடி வைத்தியர் ஒருவர், தம்மிடம் வருபவர்களின் தலையில் கைவைத்துத் தேற்றிவிட்டு, "முதல்ல ஆசுபத்திரிக்குப் போ மனே, பிறகு வா, நூல் கட்டுறன்" என்று அனுப்புகிறார். அவரை நான் மிகவும் மதிக்கிறேன்.

வைத்தியசாலைக்குப் போனவர்களிடமும் ஒரு தவறான எண்ணம் இருக்கிறது. போனவுடன் ஊசி போட வேண்டும், போடாவிட்டால் கவனிக்கவில்லை என்று நினைக்கிறார்கள். என் தம்பியைப் புடையன் கடித்த அன்று நானும் அப்படித்தான் பதறினேன். கண்ணாடி விரியனைத்தான் எங்கள் பக்கத்தில் புடையன் என்பார்கள். மாலை மங்கும் வேளையில் அறுவடைக்கு நின்ற வயலின் வரம்பில் மிதித்திருக்கிறான். கணுக்காலுக்கு மேலே இரண்டு புள்ளி. அவனோடு நின்றவர்கள் லேஞ்சியால் கெண்டைக்காலை இறுக்கிக் கட்டி அனுப்பியிருந்தார்கள். வந்து சேர்ந்தபோது பாதம் நீலம் பாய்ந்து கிடந்தது. அப்படிக் கட்டுவதால் விஷம் நிற்பதில்லை, இரத்த ஓட்டந்தான் நிற்கிறது. கால் அழுகுவதற்கு அந்தக் கட்டே காரணமாகிவிடும். கீறி இரத்தம் எடுப்பதும் வாயால் உறிஞ்சுவதும் இதே வகைதான். புடையன் கடித்து இரத்தம் உறையாமல் இருப்பவரைப் பிளேட்டால் கீறினால் அந்தக் காயத்திலிருந்தே இரத்தம் நிற்காமல் போகும்.

தாதி அவனுடைய கையிலிருந்து கொஞ்சம் இரத்தம் எடுத்து, ஒரு சிறிய கண்ணாடிக் குழாயில் விட்டு, அதை ஆட்டாமல் மேசையில் நிறுத்திவிட்டுச் சுவர் மணிக்கூட்டைப் பார்த்து நேரம் எழுதினார். இருபது நிமிடம். அந்த இருபது நிமிடமும் நான் குழாயைப் பார்த்தபடியே நின்றேன். நேரம் முடிந்ததும் அவர் குழாயை மெல்லச் சரித்தார். நலமாக உள்ளவரின் இரத்தம் அதற்குள் கட்டியாகி, சரித்தாலும் நகராமல் நிற்கும். தம்பியின் இரத்தம் சாயத் தண்ணீர்போலச் சுவரோடு வழிந்தது. உடனே முறிமருந்தை ஏற்றத் தொடங்கினார்கள். புடையனின் விஷம் இரத்தத்தை உறைய வைக்கும் பொருட்களையெல்லாம் செலவழித்துத் தீர்த்துவிடுகிறது என்பதையும், அதைக் கண்டுபிடிக்கும் சோதனைக்கு ஒரு கண்ணாடிக் குழாயும் ஒரு மணிக்கூடும் போதும் என்பதையும் அன்று கண்டேன். ஏன் உடனே போடவில்லை என்று கேட்டபோது அந்த வைத்தியர் பொறுமையாக விளக்கினார். நம் நாட்டில் பயன்படும் முறிமருந்து இந்தியாவிலிருந்து வருகிறது. நாகம், எட்டடி விரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கின் விஷத்தையும் சிறிது சிறிதாகக் குதிரைக்கு ஏற்றி, அதன் இரத்தத்தில் உருவாகும் எதிர்ப்புப் பொருளைப் பிரித்தெடுத்துச் செய்யப்படுகிறது. குதிரையின் புரதம் நம் உடம்புக்கு அந்நியம் என்பதால் சிலருக்குத் திடீரென இரத்த அழுத்தம் விழுந்து மூச்சுத் திணறும். ஆகவே விஷம் ஏறாதவருக்கு அதைக் கொடுப்பது வீண் ஆபத்து. பாம்பை அடித்துப் பையில் போட்டுக்கொண்டு வரவேண்டும் என்ற தேவையும் இல்லை. அடிக்கப் போய் இரண்டாவது ஆள் கடிபட்டதும் உண்டு. வெட்டிய தலைகூடச் சிறிது நேரம் கடிக்கவல்லது. தூரத்தில் நின்று கைப்பேசியில் ஒரு படம் எடுக்க முடிந்தால் நல்லது, முடியாவிட்டாலும் பாதகமில்லை.

இனி, கேடு செய்யாத நம்பிக்கைகளுக்கு வருகிறேன். எங்கள் வளவின் மூலையில் வேம்பின் கீழே ஒரு புற்று இருக்கிறது. அம்மம்மா அதற்கு நாகதம்பிரான் என்று விளக்கு வைத்தார், நானும் வைக்கிறேன். கிழக்கில் நாகதம்பிரானை வணங்காத ஊர் குறைவு, அந்த வணக்கத்தால் அடிபடாமல் தப்பிய நாகங்கள் ஏராளம். ஆனால் பாம்பு பால் குடிக்காது. அது இரையை முழுதாக விழுங்கும் ஊனுண்ணி. பாலைச் செரிக்கும் உடம்பு அதற்கில்லை. பல நாள் தண்ணீர் காட்டாமல் வைத்திருந்தால் தாகத்தால் எதிலும் வாய் வைக்கும், பாம்பாட்டிகள் காட்டுவது அதைத்தான். புற்றுக்குள் பாலை ஊற்றாமல், முன்னால் ஒரு சட்டியில் வைத்துப் படைக்கும்படி அம்மாவிடம் சொன்னேன். "சாமிக்குத்தானே மகள், சட்டியில வைச்சாலும் எடுப்பார்" என்று அவர் ஒத்துக்கொண்டார். அந்தப் புற்றைக் கட்டியது பாம்பன்று என்பதை நம் முன்னோர் நன்றாக அறிந்திருந்தார்கள். கறையான் புற்றெடுக்கப் பாம்பு குடிபுகுந்தது என்ற பழமொழி உயிரியல் பாடப்புத்தகத்தில் இருக்கவேண்டிய உண்மை.

சாரைப் பாம்பு மாட்டின் பின்னங்காலைச் சுற்றிக்கொண்டு மடியில் பால் குடிக்கும் என்பதும் இத்தகையதே. உள்நோக்கி வளைந்த ஊசிப் பற்களும் உறிஞ்சுவதற்கு உதடில்லாத வாயும் கொண்ட விலங்கு மடியில் வாய் வைத்தால் மாடு சும்மா நிற்குமா? சாரை நாகத்தின் ஆண் என்றும் சொல்கிறார்கள். அவை இரண்டும் வெவ்வேறு இனங்கள், சாரையில் ஆணும் பெண்ணும் உண்டு. இரண்டு சாரைகள் பின்னிப் பிணைந்து நிமிரும்போது வெள்ளைத் துணியை எறிந்து எடுத்து வைத்தால் செல்வம் சேரும் என்று ஓடுகிறவர்களைக் கண்டிருக்கிறேன். அது பெரும்பாலும் இரண்டு ஆண் சாரைகளின் மல்யுத்தம். சாரையை நான் சும்மா கடந்து போக மாட்டேன், ஏனென்றால் அதற்கு விஷமில்லை என்று தெரிந்தும் நம்மவர் அடித்துக் கொல்கிறார்கள். வயலில் எலியைத் தின்று நெல்லைக் காப்பது அது. எலி பெருகினால் விளைச்சல் போவதோடு எலிக்காய்ச்சலும் வரும். எலியைத் தேடி நாகமும் வரும். வளவில் ஒரு சாரை திரிந்தால் திரிய விடுங்கள்.

கொம்பேறி மூர்க்கன் கடித்துவிட்டு மரத்திலேறி, செத்தவரின் சிதைப் புகை கிளம்புகிறதா என்று பார்த்திருக்கும் என்ற கதையைச் சிறுவயதில் கேட்டுப் பல இரவுகள் உறங்காமல் இருந்திருக்கிறேன். விஷமே இல்லாத, மரத்தில் ஓணானும் தவளையும் பிடித்துத் தின்னும் மெல்லிய பாம்பு அது. பச்சைப்பாம்பு கண்ணைக் கொத்தும் என்பதும், நாகம் முதிர்ந்து குறுகி மாணிக்கம் கக்கும் என்பதும், அடித்தவனின் முகத்தைக் கண்ணில் பதித்து வைத்துப் பழிவாங்கும் என்பதும் வெறுங்கதைகள். விரியன் குட்டிகள் தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டு வரும் என்ற கதையில் மட்டும் ஒரு மணி உண்மை உண்டு: கண்ணாடி விரியன் முட்டையிடுவதில்லை, ஒரே முறையில் இருபது முப்பது குட்டிகளை ஈனும். தாய்க்கு ஒன்றும் ஆவதில்லை.

செவிப்பாம்பு காதுக்குள் போகும் என்று மழைக்காலத்தில் அம்மாக்கள் அஞ்சுவார்கள். மண்புழுவைப்போல இருக்கும் அந்தச் சின்னஞ்சிறு பாம்பு எறும்பின் முட்டையும் கறையானும் தின்று மண்ணுக்குள் வாழ்வது. நம் காதில் அதற்கு வேலையில்லை. பிள்ளைகளிடம் இதைச் சொன்னவுடன் இன்னொன்றும் சொல்வேன், அவர்கள் வாய் பிளப்பார்கள்: அந்த இனத்தில் ஆணே இல்லை. அத்தனையும் பெண்கள்; ஆணின் துணையின்றியே முட்டையிட்டுக் குஞ்சு பொரிக்கின்றன. பூச்சட்டி மண்ணில் ஒளிந்து ஒரே ஒரு பாம்பு ஊர்விட்டு ஊர் போனாலும் அங்கே ஒரு குலம் உருவாகிவிடும். அப்படித்தான் உலகின் பல நாடுகளுக்கும் அது பரவியது.

மகுடிக்குப் பாம்பு மயங்குவதில்லை, அசையும் மகுடியைக் கண்ணால் தொடர்கிறது. ஆனால் பாம்புக்குக் காதே கேட்காது என்று சில பாடநூல்கள் எழுதுவதும் சரியன்று. வெளிக்காது இல்லாவிட்டாலும் உட்காது உண்டு, தாடையெலும்பின் வழியே நில அதிர்வையும், தாழ்ந்த ஒலிகளையும் அது உணர்கிறது. கண்ணையே செவியாகக் கொண்டது என்று கருதிக் கட்செவி என்று பெயரிட்ட பழந்தமிழர், வெளியே காது இல்லை என்பதைக் கவனித்திருக்கிறார்கள். உள்ளே இருப்பதை அறிய அவர்களுக்கு வழி இருக்கவில்லை.

வாவிக்குக் கிழக்கே கடலோரமாக உள்ள எழுவான்கரைக்குப் போனால் பேச்சு வேறாகிறது. தண்ணீரில் பாம்பு கடிக்காது என்று கரைவலை இழுப்பவர்கள் சிலர் சொல்வார்கள். வலையில் வந்த கடல்பாம்பை வாலில் பிடித்து எறிவார்கள். துடுப்புப்போலத் தட்டையான வாலுள்ள கடல்பாம்புகளின் விஷம் மிகக் கொடியது. கடித்தபோது நோவு அவ்வளவாகத் தெரியாது. சில மணி நேரத்தில் உடம்பெல்லாம் தசை நோவெடுக்கும், சிறுநீர் கறுக்கும். நான் மேலே சொன்ன நான்கு பாம்புகளுக்கான முறிமருந்து இதற்குரியதன்று. ஆகவே வலையில் அகப்பட்டால் கையால் தொடாமல் தடியால் எடுத்துக் கடலில் விடவேண்டும். கடல்பாம்பு கரையொதுங்கினால் சுனாமி வரும் என்று 2004க்குப் பிறகு பரவிய பேச்சுக்கு ஆதாரம் எதுவுமில்லை.

உள்ளியை இடித்துக் கரைத்து வளவைச் சுற்றித் தெளித்தால் பாம்பு வராது என்பதை எங்கள் வீட்டிலும் செய்துகொண்டிருந்தார்கள். 2011 ஜனவரி வெள்ளத்தில் மட்டக்களப்பும் அம்பாறையும் மூழ்கியபோது, எங்கள் வீட்டுப் படிக்கட்டில் மேடு தேடி வந்த பாம்புகளுக்கு உள்ளி மணம் ஒரு பொருட்டாகவே இருக்கவில்லை. வீட்டோடு ஒட்டி அடுக்கிய விறகையும் தேங்காய்ப் பொச்சுக் குவியலையும் தள்ளி வைப்பதும், கோழித்தீனும் நெல்லும் சிந்தாமல் பார்ப்பதும், இரவில் வெளிக்கிடும்போது டோர்ச் எடுப்பதும்தான் பலன் தரும்.

எல்லாவற்றிலும் மேலானது நுளம்பு வலை. நேபாளத்தின் தாழ்நிலக் கிராமங்களில் நடத்திய ஆய்வில், வலைக்குள் உறங்கியவர்களுக்குப் பாம்புக்கடி குறைவாக இருந்தது தெரியவந்தது. கட்டில் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. நிலத்தில் பாயை விரித்து, வலையின் நான்கு ஓரத்தையும் பாய்க்கடியில் ஆழமாகச் செருகினால் போதும். இரவில் புரளும் கையும் இரை தேடித் திரியும் விரியனும் சந்திக்க இடம் இராது. உலகச் சுகாதார அமைப்பு 2017இல் பாம்புக்கடியைப் புறக்கணிக்கப்பட்ட நோய்களின் பட்டியலில் சேர்த்து, 2030க்குள் இறப்புகளைப் பாதியாகக் குறைக்கவேண்டும் என்கிறது. எங்கள் வயல் வட்டையைப் பொறுத்தவரை அந்த வேலை வாடியில்தான் தொடங்கவேண்டும்.

கேள்வி கேட்ட பையனின் தகப்பனை அடுத்த வாரம் பாடசாலை வாசலில் கண்டேன். சித்தப்பாவின் கதையை முழுவதும் சொன்னேன். நள்ளிரவில் காரணமில்லாமல் வயிறு நொந்தால், கண் இமை கனத்தால், பல் அடையாளம் தேடி நேரம் போக்காமல் 1990 என்ற அம்புலன்ஸ் இலக்கத்தை அழைக்கும்படி சொன்னேன். அவர் தலையைக் குனிந்தபடி கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "வாடியில வலை கட்டினா யானை வந்தா உடனே எழும்ப ஏலாதே டீச்சர்" என்றார். அது நியாயமான கேள்வி. எங்கள் வாடியில் தம்பி வலையின் தலைமாட்டு ஓரத்தைப் பாய்க்கடியில் செருகாமல், நீளமான தடியொன்றில் சுற்றிப் பாயின்மேல் கிடத்தியிருக்கிறான். தடியின் பாரத்தில் ஓரம் நிலத்தோடு படிந்து கிடக்கும், ஒரு கையால் தூக்கினால் முழுவதும் திறந்துகொள்ளும். அதைக் கொப்பியின் கடைசித் தாளில் கீறிக் காட்டினேன். அவர் அந்தத் தாளைக் கேட்டு வாங்கி, மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு போனார்.